பொறுத்திருந்து பார்க்கும் கண்

கண்டி மாநகரிலே கமராவுக்கு என்றும் பஞ்சமில்லை. வாவிக்கரைச் சுவரோரத்திலும் தலதா மாளிகை முன்றிலிலும் ஆண்டின் எந்த நாளிற் சென்றாலும், கண்ணுக்கு முன்னே ஒரு கருவியைப் பிடித்தபடி நிற்போரைக் காணலாம். எசல பெரஹரா நாட்களிலோ சொல்லவே வேண்டியதில்லை. நாததேவர், விஷ்ணு, கதிர்காமத் தேவர், பத்தினித் தெய்வம் ஆகிய நால்வரின் தேவாலயங்களிலிருந்தும் புறப்படும் ஊர்வலங்கள் தலதா மாளிகை ஊர்வலத்தோடு சேர்ந்து வீதிவலம் வரும்போது, முன்னாளிற் கூப்பிய கரங்கள் உயர்ந்த இடத்தில் இன்று கைத்தொலைபேசிகள் உயர்கின்றன. பத்தினித் தெய்வம் நம் கண்ணகித் தாயே என்று அறிந்த தமிழரும் அவளது ஊர்வலத்தைக் கையகலக் கண்ணாடிக்குள்ளே பார்த்துவிட்டு வீடு திரும்புகின்றனர். இதை நான் பெருங்குறையாகச் சொல்ல வரவில்லை. காலம் அப்படி. ஆயினும், "பெரஹரா பார்த்தாயா?" என்று கேட்டால், "எடுத்தேன், சேர்" என்று விடை கூறும் மாணவரோடு நாள்தோறும் பழகுபவன் நான். எடுத்தலுக்கும் பார்த்தலுக்கும் இடையேயுள்ள தூரம் எவ்வளவு என்ற எண்ணம் எனக்கு அடிக்கடி எழுவதுண்டு.

அத்தூரத்தை நடந்தே கடந்தவர் சிலர் உளர். விவரணப் படம் எடுப்போர் என்று நாமும், ஆவணப்பட இயக்குநர் என்று தமிழகத்தாரும் அவர்களைச் சொல்கிறோம்.

விவரணப் படம் என்றதும் மூத்தோர் பலருக்கு நினைவு வருவது, படமாளிகையிலே கதைப்படம் தொடங்குமுன் காட்டப்பெற்ற அரசாங்கச் செய்திச் சுருளேயாகும். அமைச்சர் ஒருவர் அடிக்கல் நாட்டுவார். அணையின் கதவு திறக்கும். கணீரென்ற குரலொன்று நாம் கண்ணாற் காண்பதையே காதாலும் ஒருமுறை சொல்லும். கச்சான் கடலை வாங்க வெளியே போனவர்கள் அது முடியுமட்டும் உள்ளே திரும்பமாட்டார்கள் என்று என் தந்தையார் சொல்லக் கேட்டிருக்கிறேன். நான் இங்கே பேச எடுத்துக்கொண்டது அந்த இனத்தைச் சேர்ந்ததன்று. ஒரு மனிதரையோ ஓர் ஊரையோ ஒரு தொழிலையோ தேர்ந்து, நாட்கணக்காக, சில வேளை ஆண்டுக்கணக்காக அதன் அருகிலிருந்து, அது தன் முகத்தைத் தானே காட்டும் வரை காத்திருக்கும் படங்களையே குறிக்கிறேன். இத்தகைய படங்களிலே நடிகர் இல்லை. எழுதி வைத்த வசனம் இல்லை. பெரும்பாலும் பணமும் இல்லை.

இக்கலையின் சிறந்த உதாரணமொன்று நம் நாட்டிலேயே எடுக்கப்பட்டது. 1934ஆம் ஆண்டின் தொடக்கத்திலே பசில் ரைட் என்னும் இருபத்தாறு வயது ஆங்கில இளைஞர் இலங்கைக்கு வந்தார். அவரை ஏவியவர் ஜோன் கிரியர்சன். இத்துறைக்கு ஆங்கிலத்தில் வழங்கும் பெயரை 1926இல் ஒரு விமரிசனத்தின் மூலம் வழக்கிற் கொண்டுவந்தவர் அவரே. செலவை ஏற்றது இலங்கைத் தேயிலைப் பிரசார சபை. சபையார் விரும்பியது எளிய பொருள்: ஒவ்வொரு சுருள் நீளத்தில் நான்கு சிறு படங்கள், அழகிய தீவு, அதன் நல்ல தேயிலை, அவ்வளவே. ரைட் திரும்பிப் போய்த் தொகுத்து முடித்தபோது கிடைத்ததோ, நான்கு பகுதிகளாய் அமைந்து ஏறத்தாழ நாற்பது நிமிடம் ஓடும் 'சோங் ஒஃப் சிலோன்' என்னும் ஒரே படம். 'இலங்கையின் கீதம்' என்று நாம் சொல்லிக்கொள்ளலாம். 1935இல் பிரசெல்ஸ் நகரத் திரைப்பட விழாவிலே அது முதற் பரிசு பெற்றது. தேயிலை விற்கப் புறப்பட்ட படம் அவ்வாறு ஆனது எவ்வாறு என்பது சிந்திக்கத்தக்கது.

ரைட் தாமே கமராவை இயக்கினார், தாமே தொகுத்தார். படத்தின் முதற் பகுதியிலே அடியார்கள் சிவனொளிபாத மலை ஏறுகின்றனர். முதியோர் இளைப்பாறுகின்றனர்; எழுகின்றனர்; மீண்டும் ஏறுகின்றனர். கமராவுக்கு அவசரமில்லை. மலையுச்சியை உடனே காட்டிவிட வேண்டும் என்ற ஆவலும் இல்லை. மூச்சு வாங்கும் கிழவரோடு அதுவும் சேர்ந்து மூச்சு வாங்குவது போலத் தோன்றுகிறது. உச்சியிலே மணி ஒலிக்கிறது. ஒரு பறவை எழுந்து பறக்கிறது. அந்த ஒலியும் அப்பறவையும் மலையையும் நீரையும் தாண்டிச் செல்கின்றன. சிவனொளிபாதம் ஏறியவர் எவரும் இந்தக் காட்சியிலே தம் சொந்த விடியற்காலையைக் காண்பர். இரண்டாம் பகுதியில் ஊர் வாழ்க்கை: வலை வீசுதல், மட்பாண்டம் வனைதல், துணி வெளுத்தல். அங்கே சிறுவர்க்கு ஆசான் ஒருவர் கண்டி நடனம் பயிற்றும் காட்சி வருகிறது. ஆசிரியத் தொழிலிலுள்ளவன் என்பதாலோ என்னவோ, படம் முழுவதிலும் எனக்கு மிகவும் பிடித்தது அதுவே. கால் பிழைக்கும் சிறுவனையும் அவர் காட்டுகிறார். விளம்பரப் படம் எடுப்பவர் பிழைக்கும் காலை வெட்டி எறிந்திருப்பார்.

படத்தின் ஒலி முழுவதும் பிற்பாடு லண்டனிலே சேர்க்கப்பட்டது. உரையை வாசித்தவர் லயனல் வென்ட். கொழும்பிலே பியானோ வித்துவானாகவும் நிழற்படக் கலைஞராகவும் விளங்கி, 1944இல் தமது 44ஆம் வயதில் மறைந்தவர். அவர் பெயர் தாங்கிய கலையரங்கை அறியாத கொழும்பு மாணவர் இரார். அவர் வாசிக்கும் உரை 1934இல் எழுதப்பட்டதன்று. இரண்டாம் இராஜசிங்க மன்னன் காலத்திலே கண்டி இராச்சியத்திற் பத்தொன்பது ஆண்டுகளுக்கு மேலாகத் தடுத்து வைக்கப்பட்டு, 1679இல் தப்பிச் சென்ற றொபேட் நொக்ஸ், 1681இல் வெளியிட்ட நூலிலிருந்து எடுத்த வாசகங்களே அவை. இக்காலத்துக் காட்சிக்கு இருநூற்றைம்பது ஆண்டுப் பழைய சொல்! அதனாற் படத்துக்கு ஒரு தொன்மை கிட்டியது என்று அறிஞர் புகழ்வர். புகழத்தக்கதுதான்.

ஆனால் நான் மலைநாட்டுத் தமிழன். இந்தப் படத்தை நான் வேறொரு கண்ணோடும் பார்க்க வேண்டியவனாகிறேன்.

மூன்றாம் பகுதியின் பெயர் 'வாணிபத்தின் குரல்கள்'. புகைவண்டி ஓடுகிறது, யானை மரத்தைச் சாய்க்கிறது, தென்னையிலே மனிதர் ஏறுகின்றனர், தேயிலை மலையிலே பெண்கள் கொழுந்து பறிக்கின்றனர். இவற்றின் மேலே சந்தை விலைகளையும் வாணிபக் கடிதங்களையும் ஓதும் ஆங்கிலக் குரல்கள் ஒன்றன்மேலொன்றாய் விழுகின்றன. பறிக்கும் விரல்களுக்கும் விலை கூறும் குரலுக்கும் தொடர்பே இல்லாதது போல இருக்கும். அதுவே தொடர்பு என்று பார்ப்பவர் உணர வேண்டும். சபையார் பணத்திலே இதைச் செய்ததற்குத் துணிவு வேண்டும். அதை ஒப்புக்கொண்டபின் இன்னொன்றையும் சொல்ல வேண்டும். சிங்களக் கிராமத்தாருக்கு நொக்சின் வாசகங்கள் துணை நிற்கின்றன; அவர்கள் யார், எவ்வாறு உழுதனர், எவ்வாறு வழிபட்டனர் என்று அக்குரல் சொல்கிறது. கொழுந்துப் பெண்களுக்கு நொக்ஸ் எவ்வாறு உதவ முடியும்? அவர் எழுதிய நாளிலே கண்டி மலைகளிற் கோப்பித் தோட்டமும் இல்லை, தேயிலைத் தோட்டமும் இல்லை. கோப்பிக்காகத் தமிழகத்துத் தொழிலாளர் நடந்து வந்தது பத்தொன்பதாம் நூற்றாண்டிலே. ஜேம்ஸ் டெயிலர் லூல்கந்துரையில் 19 ஏக்கரிலே தேயிலை நட்டது 1867இலே. ஆகவே அந்தப் பெண்களைப் பற்றிச் சொல்ல அந்தப் பழைய நூலிலே ஒரு சொல்லும் இருக்க இயலாது. அவர்களுக்கு வாய்த்தது சந்தை விலைக் குரல் மாத்திரமே. கூடை நிறைந்ததும் கமரா இலையின் பின்னே போய்விடுகிறது. பறித்தவளின் பின்னே போகவில்லை.

இந்தப் படம் இப்பொழுது கைத்தொலைபேசியிலேயே பார்க்கக் கிடைக்கிறது. அதை என் தாயாருக்குக் காட்டினேன். அவர் முப்பத்தாறு ஆண்டு கொழுந்து பறித்தவர். படம் கலையா, பிரசாரமா என்ற ஆராய்ச்சி அவருக்கு வேண்டியதாக இல்லை. கொழுந்துப் பெண்கள் தோன்றியதும் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு அருகே குனிந்தார்.

"கொஞ்சம் நிப்பாட்டு தம்பி. இந்தப் புள்ளை புதுசு. கை இன்னும் பழகலை, பாரு. பக்கத்துல நிக்கிறவ நல்ல கைக்காரி."

நான் நிறுத்தி, மீண்டும் ஓடவிட்டேன். யாருமே கமராவை நிமிர்ந்து பார்க்கவில்லை என்பதைக் காட்டி, எவ்வளவு இயல்பாக இருக்கிறார்கள் என்றேன். தாயார் சிரித்தார்.

"இயல்பா? பாக்கக்கூடாதுன்னு கங்காணி சொல்லி வச்சிருப்பாரு. துரை வேற பின்னால நிண்டிருப்பாரு."

நூல் பல படித்து நான் எழுதக்கூடிய விமரிசனத்தை அவர் ஒரு மூச்சிலே சொல்லிவிட்டார். பிறகு சற்று நேரம் பேசாதிருந்து, "இது எந்தத் தோட்டம்?" என்று கேட்டார். அதற்குப் படம் விடை தருவதில்லை. அவர் அப்படிக் கேட்டதன் காரணம் எனக்குத் தெரியும். 1934இலே அவருடைய பாட்டி, எங்கள் வழக்கிற் சொன்னால் அப்பாயி, கண்டிக்கு அண்மையிலே ஒரு தோட்டத்திற் பேர் பதிந்து கொழுந்து பறித்துக்கொண்டிருந்தார். அவருடைய உருவம் எந்தக் கடதாசியிலும் இல்லை. எங்கள் குடும்பத்தார் முதன்முதல் நிழற்படக்காரர் முன் நின்றது, 1964ஆம் ஆண்டு சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தத்தின் பின்னர், என் பெரியம்மா குடும்பம் இந்தியாவுக்குப் போவதற்குக் கடவுச்சீட்டு எடுத்தபோதுதான். 5,25,000 பேரை அனுப்புவது, 3,00,000 பேரை வைத்துக்கொள்வது என்று இரு அரசுகளும் கணக்கிட்ட காலம் அது. வாழ்ந்ததற்குப் படமில்லை, போவதற்குத்தான் படம். அன்று மாலை என் தாயார் அந்தச் சில நொடிக் காட்சியை ஆறேழு முறை திருப்பித் திருப்பிப் பார்த்தார். நூற்றுக்கணக்கான தோட்டங்களிலே இது எங்கள் தோட்டமாய் இருக்குமென்று நினைப்பதற்கு நியாயமில்லை என்று அவருக்கும் தெரியும்.

பார்த்துக்கொண்டிருத்தல் என்பது குற்றமற்ற செயல் என்று எண்ணிவிடக் கூடாது என்பதற்காகவே இதைச் சொன்னேன். கமரா வந்ததும் உலகம் சிறிது மாறிவிடுகிறது. றொபேட் ஃபிளாகர்ட்டி 1922இல் வெளியிட்ட 'நனூக்' என்னும் படம் விவரணப் படங்களுக்கெல்லாம் முன்னோடி என்பர். வடதுருவக் குளிரிலே வாழும் எஸ்கிமோக் குடும்பமொன்றின் கதை அது. இனுயிட் என்பதே அம்மக்கள் தமக்கிட்டு வழங்கும் பெயர். அக்காலத்திலே அவர்கள் துப்பாக்கியால் வேட்டையாடத் தொடங்கிவிட்டனர். எனினும் படத்துக்காகப் பழைய ஈட்டியை எடுத்தனர். பனிக்கட்டி வீட்டினுள்ளே வெளிச்சம் போதாமையால் வீட்டின் ஒரு பாதியைத் திறந்து வைத்துப் படம் பிடித்தனர். அவ்வாறு செய்தது பொய்யா, கலையா என்று இன்றும் வழக்காடுகின்றனர். என்னைக் கேட்டால், வீட்டைத் திறந்ததை மன்னிக்கலாம். ஈட்டியை மன்னிப்பது கடினம். வெளிச்சம் கமராவின் தேவை. துப்பாக்கியோ அந்த மனிதனின் காலம். ஒருவனுடைய காலத்தை அவனிடமிருந்து பறித்துக்கொண்டு அவனை அழகு செய்ய யாருக்கும் உரிமையில்லை.

1960ஆம் ஆண்டளவிலே தோளிற் சுமக்கத்தக்க கமராக்களும், காட்சியோடு ஒலியையும் உடன் பதியும் கருவிகளும் வந்தன. அதன்பின் அமெரிக்காவிலே ஃபிரெடெரிக் வைஸ்மன் போன்றோர் பின்னணிக் குரலும் இல்லாமல், பேட்டியும் இல்லாமல், ஒரு நிறுவனத்தினுள்ளே வாரக்கணக்கில் இருந்து கண்டதைத் தொகுத்துத் தந்தனர். மனநோய்க் குற்றவாளிகளை வைத்திருந்த சிறை மருத்துவமனையைப் பற்றிய அவரது முதற் படம் 1967இல் வந்தது. சொல்லித் தருவதற்கு யாருமில்லாத அப்படத்திலே பார்ப்பவனே தீர்ப்புச் சொல்ல வேண்டியவனாகிறான். நம் மாணவருக்கு இது முதலிற் பிடிப்பதில்லை. "என்ன சொல்ல வாறார், சேர்?" என்று கேட்பார்கள். வினா-விடைப் பாடப் பயிற்சி கொடுத்து வளர்த்தவர்கள் நாமே அல்லவா. அவர்களை நொந்து பயனில்லை.

நம் நாட்டிலே இவ்வழி நடந்தவருள் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிசை முதலிற் சொல்ல வேண்டும். அவர் கதைப்படங்களாற் புகழ் பெற்றவர். ஆனால் அவர் பயின்ற பள்ளி விவரணப் படமே. லண்டனிலிருந்து திரும்பி 1952 முதல் அரசாங்கத் திரைப்படப் பிரிவிலே பணிபுரிந்தார். உலர்வலயத்து மலேரியா ஒழிப்பைப் பற்றி அங்கே அவர் எடுத்த படம் 1954இல் வந்தது. அரச சம்பளத்தை விட்டு, கமராக் கலைஞர் வில்லி பிளேக், தொகுப்பாளர் டைட்டஸ் தொட்டவத்த ஆகிய இருவரோடு வெளியேறி, 1956இலே 'ரேகாவ' எடுத்தார். அதுவரை சிங்களப் படங்கள் தென்னிந்தியக் கலையகங்களிலே, தென்னிந்தியப் படங்களின் அச்சாகவே வார்க்கப்பட்டு வந்தன. இவர்கள் மூவரும் கமராவைக் கலையகத்துக்கு வெளியே தூக்கிக்கொண்டு உண்மையான கிராமத்துக்குப் போயினர். படம் பணம் தரவில்லை. 1957இல் கான் விழாவுக்குப் போயிற்று. பீரிஸ் 2018ஆம் ஆண்டு ஏப்பிரலிலே 99ஆம் வயதிற் காலமானார். அரசாங்கக் கதிரையை விட்டெழுந்த அந்த நாளில்லாவிட்டால் சிங்களத் திரைக்கலைக்கு இன்றுள்ள முகம் இராது.

கண்டி வாசகர்கள் இன்னொருவரை மறத்தலாகாது. தர்மசேன பத்திராஜ 1943இலே கண்டியிற் பிறந்தவர்; பேராதனைப் பல்கலைக்கழகத்திற் பட்டம் பெற்றவர். 1970களிலே யாழ்ப்பாணப் பல்கலைக்கழக வளாகத்திற் கற்பிக்கச் சென்றார். சென்ற இடத்திலே சும்மா இராமல், யாழ்ப்பாணத்துச் சாதியையும் சீதனத்தையும் பற்றித் தமிழிலேயே 'பொன்மணி' என்னும் படத்தை எடுத்தார். சிங்கள இயக்குநர் ஒருவர் தமிழரின் வீட்டு முற்றத்தைத் தமிழரின் மொழியிலேயே பார்க்க முனைந்தார் என்பது சிறு செய்தியன்று. பின்னாளிலே, 2006இல், யாழ்ப்பாணத்துக்குப் போன இருப்புப்பாதையைப் பற்றி ஒரு விவரணப் படம் செய்தார். அப்பொழுது அங்கே பாதை இல்லை. யாழ்தேவி 1990இலே நின்றுவிட்டது. தண்டவாளங்கள் பெயர்க்கப்பட்டுப் போயின. மரக்கட்டைகள் பதுங்குகுழிகளுக்குக் கூரையாயின. இல்லாத பொருளொன்றைக் கமராவினாற் பார்ப்பது எவ்வாறு? நினைவு வைத்திருப்போரின் வாயிலாகவும், வெறுமையாய்க் கிடந்த மண்மேட்டின் வாயிலாகவும் அவர் அதைத் தேடினார். 2014ஆம் ஆண்டு ஒக்டோபரிலே புகைவண்டி மீண்டும் யாழ்ப்பாணம் சென்றது. பத்திராஜ 2018 ஜனவரியில் மறைந்தார்.

தமிழருக்கும் இத்துறையிலே ஒரு பேராசான் உண்டு. ஏ. கே. செட்டியார் தமது இருபதுகளிலேயே, காந்தியடிகளின் வாழ்வைப் படச்சுருளிலே தொகுப்பதென்று உறுதி பூண்டு, அங்குமிங்கும் பலர் பல காலத்தில் எடுத்துவைத்த துண்டுகளைத் தேடி ஏறத்தாழ ஓர் இலட்சம் மைல் உலகைச் சுற்றினார். தென்னாபிரிக்கா, ஐரோப்பா, அமெரிக்கா என்று அலைந்து சேர்த்தது 50,000 அடி. அதிலிருந்து 12,000 அடியாகச் சுருக்கிய படம் 1940 ஓகஸ்டிலே தமிழ் உரையோடு வெளிவந்தது. அப்படத்துக்காக அத்தனை கடல் கடந்தவர் தம்மைப் பற்றிப் பேச மட்டும் கூசினார் என்று அறிந்தவர் சொல்வர். பார்ப்பவன் தன்னைப் பின்னே வைத்துக்கொள்ள வேண்டும் என்பதை அவருக்கு எந்தப் பள்ளியும் கற்பித்ததில்லை.

ஆனந்த் பட்வர்தன் என்னும் இந்திய இயக்குநரின் கதை வேறு வகை. அவர் அரசையும் பெருமுதலாளியையும் நம்பாது, தம் சொந்த முயற்சியாலே படம் எடுத்துத் தாமே ஊரூராய்க் கொண்டுசென்று காட்டுபவர். பம்பாய் நடைபாதை மக்களின் குடிசைகள் இடிக்கப்படுவதைப் பற்றிய அவரது படம் 1985இல் வந்தது. அதிலே ஒரு காட்சி. குடிசை இழந்த பெண்ணொருத்தி கமராவை நேரே பார்த்து, ஏழைகளின் படத்தை எடுத்து நீங்கள் பெயர் வாங்குவீர்கள், எங்களுக்கு என்ன கிடைக்கும் என்ற கருத்துப்படச் சினந்து பேசுகிறாள். எவரும் அதை வெட்டியிருப்பர். பட்வர்தன் வெட்டவில்லை, தம்மை ஏசிய ஏச்சைத் தம் படத்திலேயே வைத்தார். 2014ஆம் ஆண்டு ஒக்டோபர் 29ஆம் நாள் கொஸ்லாந்தை மீரியபெத்தையிலே மலை சரிந்து லயங்களைப் புதைத்தபோது, அழுவோரின் முகத்தருகே ஒலிவாங்கியை நீட்டியவர்களைத் தொலைக்காட்சியிற் பார்த்துக்கொண்டிருந்த எனக்கு, அந்தப் பம்பாய்ப் பெண்ணின் நினைவே வந்தது.

சென்ற ஆண்டு எங்கள் கல்லூரியில் உயர்தர வகுப்பு மாணவர் மூவர், கலஹாப் பக்கத்துத் தோட்டமொன்றிலே வாழும் முதியவள் ஒருத்தியைப் பற்றிப் படமெடுக்க விரும்பினர். மூவரில் ஒருத்தி அந்தத் தோட்டத்துப் பிள்ளை. வேலையிலிருந்து ஓய்ந்து, பிள்ளைகள் கொழும்பிலே கடைகளுக்கும் வீடுகளுக்கும் வேலைக்குப் போய்விட, லயத்திலே தனியே இருக்கும் பாட்டி அவர். மாணவர்கள் முதலில் எழுதிக்கொண்டு வந்த திட்டத்திலே வயலின் இசையும் இருந்தது. "மலையகத்தின் கண்ணீர்" என்று தொடங்கும் உரையும் இருந்தது. பாட்டி அழுதாரா என்று கேட்டேன். இன்னும் போய்ப் பார்க்கவில்லை என்றனர்.

முதல் ஞாயிறு நானும் உடன் சென்றேன். கமராவைக் கண்டதும் பாட்டி கதவோரத்தில் நின்றுகொண்டு, "படம் எடுத்து என்னம்மா செய்வீங்க?" என்று அந்தப் பெண்பிள்ளையைக் கேட்டார். அவர் கோபமாய்க் கேட்கவில்லை; அறியும் பொருட்டே கேட்டார். பிள்ளை என்னைப் பார்த்தாள். நான் வாய் திறக்கவில்லை. அவளும் விடை சொல்லவில்லை. கமராவைப் பையிலே வைத்துவிட்டு, பீலியிலிருந்து தண்ணீர் கொண்டுவந்து வைத்தாள். அடுத்த ஞாயிறு கமராவை வீட்டிலேயே விட்டுவிட்டுப் போயினர். அதற்கடுத்த ஞாயிறும் அப்படியே. ஆடவர் இருவருக்கும் பொறுமை குறைந்துகொண்டு வந்தது, பரீட்சையும் நெருங்கிற்று. நான்காம் முறை போனபோது பாட்டியே, "எங்கே அந்தப் பெட்டி? கொண்டு வரலையா?" என்று விசாரித்தாராம். அதன் பின்னர் மூன்று நாளிலே எடுத்து முடித்தனர்.

பதினொரு நிமிடப் படம். அதிலே நான்கு நிமிடம் பாட்டி அரிசியிற் கல் பொறுக்கி, அடுப்பு மூட்டி, உலை வைக்கிறார். வேறொன்றும் நிகழவில்லை. விறகு ஈரம், ஊதி ஊதி இருமுகிறார், பிறகு ஊதுகுழலைத் தட்டிவிட்டு, வெளியூரிலுள்ள மகனுடைய பெயரைத் தமக்குள்ளே ஒருமுறை சொல்கிறார். ஏன் சொன்னார் என்று படத்தில் விளக்கமில்லை. வயலினும் இல்லை.

மாணவர் குறும்படப் போட்டியொன்று கொழும்பிலே நடைபெற இருந்தது. ஐந்து நிமிடத்துக்கு மேற்படாமலும், விளக்க உரையோடும் இருக்க வேண்டும் என்பது நிபந்தனை. பரிசுத் தொகையோ, அந்த மூன்று வீடுகளுக்கும் பெரிய தொகை. அந்தப் பெண்பிள்ளையின் தகப்பனார் என்னிடம் வந்து, "நீங்க சொன்னாக் கேட்பா, சேர், வெட்டி அனுப்பச் சொல்லுங்க" என்றார். அவர் கேட்டதில் நியாயம் இருந்தது. பல்கலைக்கழக அனுமதி கிடைத்தால் அறைக்கும் உணவுக்கும் அந்தக் காசு உதவும். அடுப்புக் காட்சியை ஒரு நிமிடமாக்கினால் படம் கெட்டுவிடுமா என்று நானும் தொகுப்பு மேசையிலே அவளோடு அமர்ந்து வெட்டிப் பார்த்தேன். ஒரு நிமிடத்திலே அடுப்பு எரிந்துவிடுகிறது. இருமலும் இல்லை, மகனுடைய பெயரும் இல்லை. சமையற் குறிப்புப் போல ஆகிவிடுகிறது. எனினும் முடிவு அவளுடையதே என்று சொல்லிவிட்டேன். அவள் இரண்டு நாள் யோசித்தாள். மற்ற இருவரோடும் வாதாடினாள். ஒருவன் இன்றுவரை அவளோடு முகம் கொடுத்துப் பேசுவதில்லை என்று கேள்வி. இறுதியிலே, "வெட்டுறதுன்னா பாட்டிக்கிட்ட கேட்டுத்தான் சேர் வெட்டணும், அவுங்ககிட்ட இதை எப்படிக் கேக்கிறது?" என்றாள். போட்டிக்கு அனுப்பவில்லை. தகப்பனாருக்கு என்மேல் இன்னும் மனத்தாங்கல் உண்டு.

மாசி மாதத்து ஓர் இரவிலே, தோட்டத்துக் கொழுந்து மடுவத்திற் சுவரிலே வெள்ளைச் சேலை கட்டி, கல்லூரியிலிருந்து கொண்டுபோன ஒளிவீச்சுக் கருவியாலே படத்தைக் காட்டினோம். காமன் கூத்துக்குக் கூடுவது போலச் சனம் கூடியிருந்தது. பிள்ளைகள் முன்னே நிலத்தில். பெண்கள் சாக்கு விரித்து. ஆண்கள் நிறுவைத் தராசின் பக்கம் நின்றபடி. லயத்துக் கோடி தெரிந்ததும், "அந்தா நம்ம வீடு!" என்று பல குரல்கள். தங்கள் நாயைக் கண்டு பிள்ளைகள் கைதட்டினர். அடுப்பு மூட்டும் காட்சி வந்தபோது பேச்செல்லாம் ஓய்ந்தது. மகனுடைய பெயரைச் சொல்லும் இடத்திலே பின்வரிசையிற் பெண்ணொருத்தி முந்தானையை வாயிலே வைத்துக்கொண்டாள். பாட்டியை முன்வரிசையில் நாற்காலி போட்டு உட்கார்த்தியிருந்தனர். அவர் தம்மைத் தாமே கண்கொட்டாமற் பார்த்தார். படம் முடிந்து விளக்குப் போட்டதும் அந்தப் பெண்பிள்ளை அருகிற் சென்று குந்தி, "எப்படி இருந்திச்சு, பாட்டி?" என்று கேட்டாள்.

"நல்லாத்தான் இருக்கு," என்றார் பாட்டி. "அடுப்புக்குப் பக்கத்துல அந்தக் கரிச்சட்டி கிடக்கு பாரு. எடுக்கிறதுக்கு முன்னாடி சொல்லியிருந்தா, கவுத்து வச்சிருப்பேன்ல."